ஆனந்தவல்லி தராத நற்சான்று

முன்ஜாமீன் கேட்டு வருகிறவர்களைப் பற்றி ஆனந்தவல்லிக்கு நல்ல அபிப்பிராயம் எப்போதுமே இருந்ததில்லை. மதுரை மாவட்ட நீதிமன்றத்தில் பதினோரு வருடம் தட்டச்சராக இருந்தவள் அவள். போலீஸ் பிடித்துவிடுமோ என்று பயப்படுகிறவன், பிடிபடுவதற்கு முன்பே நீதிபதியிடம் வந்து ஜாமீனை வாங்கிச் சட்டைப் பையில் வைத்துக்கொள்கிற ஏற்பாடு அது. அப்படி வந்த மனுக்களில் எத்தனையை அவள் பார்த்திருப்பாள் என்று கணக்கில்லை. எல்லாவற்றிலும் ஒரே பாட்டுத்தான். மனுதாரர் கௌரவமான குடும்பத்தைச் சேர்ந்தவர். முன்விரோதம் காரணமாக அவர்மேல் பொய்வழக்கு புனையப்பட்டுள்ளது. அவர் தலைமறைவாக மாட்டார். மண்டையைப் பிளந்தவனும் இதையே சொன்னான், மருமகளைக் கொளுத்தியவனும் இதையே சொன்னான்.

"கௌரவமில்லாத குடும்பத்துல பொறந்தவன் எவனும் தப்பே செய்யுறதில்ல போலருக்கு கல்யாணி" என்று பக்கத்து மேஜைக்காரியிடம் சொல்லிவிட்டு அடுத்த தாளைச் செருகுவாள்.

தொண்ணூறாம் வருடத் தொடக்கத்தில் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் நடைமுறைக்கு வந்தது. தாழ்த்தப்பட்டவர்களை அடித்தாலோ, நிலத்தை விட்டு விரட்டினாலோ, நாலு பேர் பார்க்க ஜாதியைச் சொல்லி இழிவுபடுத்தினாலோ அந்தச் சட்டத்தில் வழக்கு. அதன் பதினெட்டாம் பிரிவு, இப்படிப்பட்ட வழக்கில் முன்ஜாமீன் என்ற பேச்சுக்கே இடமில்லை என்று சொன்னது. அந்தப் பிரிவைச் சொல்லி மனுவைத் தள்ளுபடி செய்த முதல் உத்தரவை அடித்த அன்று, ஆனந்தவல்லியின் விரல்கள் வழக்கத்தைவிட வேகமாக ஓடின. அவளும் ஒரு காலனியிலிருந்து படித்து வந்தவள்தான். வராந்தாவில் வெள்ளைவேட்டியோடு நின்ற கௌரவமான குடும்பம் ஒன்று "அப்போ உள்ளதான் போகணுமா?" என்று வக்கீலிடம் திரும்பத் திரும்பக் கேட்டது அவளுக்கு நன்றாக ஞாபகம் இருந்தது.

தொண்ணூற்று மூன்றில் அவளும் கணவன் மாரிசாமியும் நியூசிலாந்துக்கு வந்தார்கள். மாரிசாமி ஃபிட்டர். கையில் தொழில் இருந்ததால் விசா கிடைத்தது. ஆக்லாந்து நகரின் தென்கோடியில், பாபகூராவில் வாடகை வீடு. அவனுக்கு ஹென்டர்சனில் பிளாஸ்டிக் சாமான் செய்யும் தொழிற்சாலையில் வேலை. அவள் ஒரு மருத்துவமனையில், டாக்டர்கள் ஒலிநாடாவில் பேசிவைத்த கடிதங்களைக் கேட்டுக் கேட்டு அடித்துக் கொடுத்தாள். குற்றவாளிகள் போய் நோயாளிகள் வந்தார்கள். நோயாளிகள் பொய் சொல்வது குறைவு என்பதே அவளுக்குப் பெரிய நிம்மதி.

ஆக்லாந்துத் தமிழர்கள் ஜாதி கேட்க மாட்டார்கள். எந்த ஊர் என்று கேட்பார்கள். ஊரில் எந்தப் பக்கம் என்பார்கள். அங்கே இன்னாரைத் தெரியுமா, குலதெய்வம் எது, கல்யாணம் எந்த மண்டபத்தில் நடந்தது என்று ஒவ்வொன்றாக வரும். தனஞ்செயனின் மனைவி பத்மாவதி இந்த விசாரணையில் கைதேர்ந்தவள். வந்த முதல் வருடம் கொலுவுக்கு ஆனந்தவல்லியைக் கூப்பிட்டு, சுண்டலைக் கையில் கொடுத்து, ஐந்து கேள்வி கேட்டாள். ஆறாவதற்கு அவசியம் ஏற்படவில்லை. அடுத்த வருடம் கொலுவுக்கு அழைப்பு வரவில்லை.

தனஞ்செயன் மாரிசாமியின் தொழிற்சாலையிலேயே கம்ப்யூட்டர் பிரிவுக்கு மேலாளர். ஹென்டர்சனில் சொந்த வீடு. தமிழர்கள் கூடும் இடமெல்லாம் முதல் வரிசையில் உட்கார்ந்து சமத்துவத்தைப் பற்றிப் பேசுவார். வெள்ளைக்காரர்கள் தம்மை இரண்டாந்தரமாக நடத்துகிறார்கள் என்பது அவருக்குத் தீராத மனக்குறை.

தொண்ணூற்றாறு ஜனவரிக் கடைசியில் ஒடாஹுஹுவில் ஒரு மண்டபத்தை எடுத்துப் பொங்கல் விழா நடத்தினார்கள். ஆனந்தவல்லி சமையலறை ஜன்னலோரம் நின்று பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தாள். ஜன்னலுக்கு வெளியே ஆண்கள் நாலைந்து பேர். நடுவில், விடுமுறைக்கு ஊருக்குப் போய்ப் பத்து நாள் முன்புதான் திரும்பியிருந்த தனஞ்செயன்.

"வாத்தியாராம். காலனிக்காரன். நம்ம தெருவுல, நம்ம வீட்டுக்குப் பக்கத்துல பிளாட் வாங்கி, அஸ்திவாரத்துக்கு வானம் தோண்டி, இடுப்பளவு சுவரும் எழுப்பிட்டான். நானும் தம்பியும் போனோம். சுவரை ஒரே தள்ளு. ஏன்னு கேக்க வந்தான். செருப்பைக் கழட்டினேன். பஸ்ஸுக்கு நின்ன சனமெல்லாம் பாக்க ரெண்டு போட்டேன். பேரைச் சொல்லியா கூப்பிடுவேன்? அவனை என்ன சொல்லிக் கூப்பிடணுமோ அதைச் சொல்லித்தான் கூப்பிட்டேன்."

"லீவுல நல்ல எக்சர்சைஸ்" என்றார் ஒருவர். எல்லாரும் சிரித்தார்கள்.

ஆனந்தவல்லி குழாயை மூடிவிட்டு நின்றாள். அந்தச் சொல்லையும் அவர் சொல்லிக் காட்டினார். குரலைக்கூடத் தாழ்த்தவில்லை. சற்று முன்புதான் அதே வாயால் மேடையில் வள்ளுவரைப் பற்றிப் பேசியிருந்தார்.

அடிபட்ட ஆசிரியரின் பெயர் சந்தனராஜ். அவர் பயந்து ஒதுங்கிவிடுவார் என்று தனஞ்செயன் நினைத்திருக்க வேண்டும். ஆசிரியர் புகார் கொடுத்தார். போலீஸ் இழுத்தடித்தது. அவர் கலெக்டர் அலுவலக வாசலில் போய் உட்கார்ந்தார். கடைசியில் வன்கொடுமைச் சட்டத்தில் வழக்குப் பதிவானது. தம்பி முதல் எதிரி, தனஞ்செயன் இரண்டாம் எதிரி. தம்பியைப் பிடித்துப் போனார்கள். வைகாசியில் தனஞ்செயனின் தங்கைக்குக் கல்யாணம். அண்ணன் விமானத்தை விட்டு இறங்கினால் மாலையோடு அல்ல, விலங்கோடு காத்திருப்பார்கள் என்று ஊரிலிருந்து தகவல் வந்தது.

மார்ச் மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை பிற்பகல், தனஞ்செயனும் பத்மாவதியும் பாபகூரா வீட்டு வாசலில் வந்து நின்றார்கள். மூன்று வருடத்தில் அதுதான் முதல் தடவை. கையில் ஒரு பெட்டி இனிப்பு. தொழிற்சாலையில் "ஏய் மாரி" என்று கூப்பிடுகிறவர் வாசலிலேயே "மாரிசாமி அண்ணே" என்றார். ஆனந்தவல்லியைத் தங்கச்சி என்றார். அண்ணனும் தங்கச்சியும் ஒரே நிமிடத்தில் முளைத்துவிட்டதைக் கண்டு ஆனந்தவல்லி டீ போட உள்ளே போனாள்.

திரும்பி வந்தபோது மாரிசாமியின் மடியில் ஒரு ஃபேக்ஸ் தாள் இருந்தது. ஊர் வக்கீல் அனுப்பியது.

"ஒண்ணுமில்ல தங்கச்சி. ஊர்ல ஒரு பொய்க்கேஸு. முன்ஜாமீன் போடுறோம். எனக்கு ஜாதி வித்தியாசமே கிடையாதுன்னு உங்க ஆளுங்க ஒருத்தர் எழுதிக் குடுத்தா கேஸு உடைஞ்சிரும்னு வக்கீல் சொல்றாரு. உனக்குக் கோர்ட்டு அனுபவமெல்லாம் உண்டுன்னு அண்ணன் சொன்னாரு. நீயே அழகா டைப் பண்ணிரு. அண்ணன் கையெழுத்துப் போடட்டும்."

ஆனந்தவல்லி தாளை வாங்கிப் படித்தாள். கீழே கண்டவர் தாழ்த்தப்பட்ட வகுப்பைச் சேர்ந்தவர். தனஞ்செயனைப் பல ஆண்டுகளாக அறிவார். இரு குடும்பமும் ஒருவர் வீட்டில் ஒருவர் கை நனைத்து, உடன்பிறந்தார் போல் பழகி வருகின்றனர். மனுதாரர் கௌரவமான குடும்பத்தைச் சேர்ந்தவர்.

வந்துவிட்டது கௌரவம் என்று நினைத்துக்கொண்டாள். கடல் தாண்டி ஃபேக்ஸில் வந்தும் ஒரு எழுத்துக்கூட மாறவில்லை.

"உங்க வக்கீல் பதினெட்டாம் பிரிவைப் பத்திச் சொல்லலையா?"

"அதெல்லாம் சொன்னாரு. போன வருசம் சுப்ரீம் கோர்ட்டே அது செல்லும்னு சொல்லிருச்சாம். ஆனா ஒரு வழி இருக்குன்னாரு."

"வழி இருக்கத்தான் செய்யும். மனு போட்டா அவருக்கு ஃபீஸு வரும்ல. சரி, எழுதுறதுன்னா சரியா எழுதணும். ஒருத்தர் வீட்டுல ஒருத்தர் சாப்பிட்டோம்னு இருக்கே, எத்தனை தடவை?"

"ஒரு... பல தடவைன்னு போட்டுக்கலாமே."

"தேதி கேப்பாங்க. நான் உங்க வீட்டுக்கு வந்து சுண்டல் வாங்கினது ஒரு தடவை. அதுவும் கையில வாங்கிட்டு நின்னுக்கிட்டே சாப்பிட்டேன். அதுக்கப்புறம்?"

தனஞ்செயன் மனைவியைப் பார்த்தார். பத்மாவதி, "நாங்க அதெல்லாம் பாக்குறவங்களே இல்லம்மா. நேரம் அமையல" என்றாள்.

"அப்போ இன்னிக்கு அமைஞ்சிருச்சு. டீ ஆறுது பாருங்க."

அப்போதுதான் நால்வரும் மேஜையைப் பார்த்தார்கள். மாரிசாமியின் கோப்பை மட்டும் காலியாக இருந்தது. விருந்தாளிகளின் இரண்டு கோப்பையிலும் ஆடை படிந்துகொண்டிருந்தது.

"இப்பதான் குடிச்சிட்டு வந்தோம்" என்றாள் பத்மாவதி.

"பரவாயில்ல. உடன்பிறந்தவங்க வீடுதானே. நீங்க குடிங்க, நான் டைப் பண்ணுறேன்."

தனஞ்செயன் கோப்பையை எடுத்தார். கஷாயம் குடிக்கிற குழந்தையைப் போலக் கண்ணை மூடி ஒரே மூச்சில் குடித்து, கைக்குட்டையால் வாயைத் துடைத்தார். ஒருமுறை அல்ல, மூன்று முறை துடைத்தார். பத்மாவதி கோப்பையின் பிடியை இரண்டு விரலால் தொட்டாள். விரல் அங்கேயே நின்றது. கணவன் முறைத்தார். அவள் முகம் சுருங்கியது. "எனக்கு வயிறு சரியில்லங்க" என்று கையை எடுத்துவிட்டாள்.

கணவன் ஜெயிலுக்குப் போவதைவிட இந்த டீ அவளுக்குப் பெரிய ஆபத்தாக இருந்ததை ஆனந்தவல்லி கண்ணாரக் கண்டாள். எழுந்து, ஃபேக்ஸ் தாளை நாலாக மடித்து இனிப்புப் பெட்டிமேல் வைத்து, பெட்டியோடு தனஞ்செயன் கையில் கொடுத்தாள்.

"நீங்க பொங்கல் அன்னிக்கு ஜன்னலுக்கு வெளிய பேசினப்ப நான் உள்ள நின்னேன். எல்லாம் கேட்டுச்சு. போயிட்டு வாங்க."

கார் கிளம்பிப் போனதும் மாரிசாமி தலையில் கைவைத்துக்கொண்டான். "நாளைக்கு அவரு முகத்துல நான்தானடி முழிக்கணும்?"

முழித்தான். முழித்ததோடு நிற்கவும் இல்லை. செவ்வாய்க்கிழமை சாப்பாட்டு நேரத்தில் தனஞ்செயன் தானே அடித்துக் கொண்டுவந்த தாளை நீட்டி, ஆட்குறைப்புப் பட்டியல் ஒன்று தயாராகிறது என்று பொதுவாகச் சொல்லியிருக்கிறார். மாரிசாமி கையெழுத்துப் போட்டுவிட்டான். மூன்று நாள் ஆனந்தவல்லியின் கண்ணைப் பார்க்காமல் சாப்பிட்டு, வெள்ளிக்கிழமை தானாகவே சொன்னான்.

அவள் கத்தவில்லை. கத்தியிருந்தால் அவனுக்கு ஆறுதலாக இருந்திருக்கும்.

"உங்கப்பாவை ரேஷன் கடையில அடிச்சானுகளே, அப்பவும் ஒருத்தன் எழுதிக் குடுத்தான்ல, அவரா தடுக்கி விழுந்தாருன்னு? அவன் யாரு?"

"எங்க சித்தப்பா."

"அவரைப் பத்தி இன்னிக்கு வரைக்கும் நீங்க என்ன சொல்றீங்க?"

சித்தப்பாவைப் பற்றி மாரிசாமி சொல்கிற வார்த்தை வீட்டில் சொல்லத் தகுந்ததல்ல. "வேலை போனா?" என்றான்.

"உங்க கைக்கு ஒடாஹுஹுவுல வேலை இல்லையா? அவரு போட்ட பிச்சைன்னு யாரு சொன்னது? இன்டர்வியூல லேத்து ஓட்டினது நீங்களா அவரா?"

அன்றே சமையலறை மேஜையில் உட்கார்ந்து மாரிசாமி தன் கையாலேயே தமிழில் எழுதினான். நான் செவ்வாயன்று கையெழுத்திட்ட தாளில் உள்ளது உண்மையல்ல. வேலை போய்விடும் என்ற பயத்தில் இட்டேன். அவர் வீட்டில் நான் ஒருநாளும் சாப்பிட்டதில்லை. இவ்வளவுதான். ஆனந்தவல்லி தன் பங்குக்கு, பொங்கலன்று காதால் கேட்டதை நாள், இடம், யார் யார் நின்றார்கள் என்று ஒன்றுவிடாமல் அடித்தாள். அந்தச் சொல்லையும் அடித்தாள்.

கையெழுத்துக்குச் சாட்சி போட இந்த நாட்டில் சமாதான நீதவான் என்று ஊருக்குச் சிலர் இருப்பார்கள். ஒடாஹுஹுவில் இருந்தவர் யாழ்ப்பாணத்து ஜெயரட்ணம். கண்ணாடியை ஏற்றிக்கொண்டு இரண்டு தாளையும் மெதுவாகப் படித்தார்.

"இதை ஏன் பிள்ளை பெருசாக்கிறியள்? தனஞ்செயன் நல்ல மனுசன். சங்கத்துக்கு எவ்வளவு செய்தவர்."

"நல்லவங்கதான் ஐயா செருப்பைக் கழட்டுறாங்க. உங்க ஊர்ல எப்பிடி?"

"எங்கட ஆக்களுக்குள்ள உதெல்லாம் இப்ப இல்லை" என்றார் அவர். பேனாவின் மூடியைக் கழற்றினார். "அப்பிடிச் சொல்லேலாதுதான். எங்கட ஊர்க் கோயிலை எல்லாச் சாதிக்கும் திறந்து விடேக்க நானும் எதிர்த்து நிண்டனான். அது இருக்கட்டும். நீங்கள் எழுதினது சரியோ பிழையோ எண்டு கேக்கிறது என்ர வேலை இல்லை. கையெழுத்து உங்கடையோ?"

"ஆமா."

"அப்ப சரி." முத்திரையைக் குத்திக் கொடுத்தார். வாசல்வரை வந்து, "கவனமாய் இருங்கோ" என்றார்.

ஒரு பிரதியை அந்த மாவட்டத்து அரசு வழக்கறிஞருக்கும், இன்னொன்றை ஆசிரியர் சந்தனராஜுக்கும் பதிவுத் தபாலில் அனுப்பினார்கள்.

ஏப்ரலில் மனு விசாரணைக்கு வந்தது. ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை என்று பின்னால் தெரிந்தது. புகாரைப் படித்தாலே குற்றம் தெரிகிறது, பதினெட்டாம் பிரிவு குறுக்கே நிற்கிறது, மனு தள்ளுபடி. மாரிசாமி போட்ட நற்சான்றையோ அதைத் திரும்பப் பெற்ற தாளையோ நீதிபதி புரட்டிக்கூடப் பார்க்கவில்லை. வக்கீல் சொன்ன வழி முதல் வளைவிலேயே முட்டிக்கொண்டது. தனஞ்செயன் விடவில்லை. உயர்நீதிமன்றத்துக்குப் போனார். அங்கேயும் அதே பதில் வந்தது. தங்கை கல்யாணம் அண்ணன் இல்லாமல் நடந்தது. வீடியோ கேசட் வந்ததும் ஹென்டர்சன் வீட்டில் சிலரை அழைத்துப் போட்டுக் காட்டினார்கள். சட்டம் எப்படி ஒரு குடும்பத்தைப் பிரிக்கிறது பாருங்கள் என்று பத்மாவதி அழுதாளாம். இடிந்த சுவரைப் பற்றி அங்கே யாரும் அழுததாகத் தகவல் இல்லை.

மாரிசாமியின் பெயர் ஆட்குறைப்புப் பட்டியலில் வந்தது. ஆறு வாரம் வீட்டில் இருந்தான். பிறகு ஒடாஹுஹுவில் ஒரு பட்டறையில் சேர்ந்தான். சம்பளம் குறைவு, தூரமும் குறைவு. தமிழர் விழாக்களுக்கு அவர்களை யாரும் கூப்பிடவில்லை. வழக்கு போட்டது ஆசிரியர், அடித்தது தனஞ்செயன், ஆனால் சமூகத்தைப் பிளந்தவள் என்ற பட்டம் ஆனந்தவல்லிக்கு வந்தது. மலேசியாவிலிருந்து வந்த ஸ்வர்ணா ஒருத்தி மட்டும் கடையில் பார்த்தால் நின்று பேசுவாள். "உங்களைப் பத்தி என்னமோ சொல்றாங்கலா, நான் கேட்டுக்கல" என்பாள்.

அந்த வருடக் கடைசியில் தாய்க்கு உடம்பு முடியவில்லை என்று செய்தி வந்து, தனஞ்செயன் வேறு வழியின்றிப் போனார். நேராக நீதிமன்றத்தில் சரணடைந்தார். பதினோரு நாள் உள்ளே இருந்த பிறகுதான் ஜாமீன் கிடைத்தது. பாஸ்போர்ட்டை வாங்கி வைத்துக்கொண்டார்கள். வாரம் ஒருமுறை காவல்நிலையத்தில் கையெழுத்து. அனுமதி வாங்கி ஆக்லாந்து திரும்ப நாலு மாதம் ஆனது. அவர் அரசியல் காரணத்துக்காகச் சிறை சென்றவர் என்று விழாக்குழுவில் பேச்சு அடிபட்டது. ஒருவர் சால்வை போடலாமா என்றும் கேட்டாராம்.

தொண்ணூற்றெட்டு ஆகஸ்டில் ஆனந்தவல்லிக்குச் சம்மன் வந்தது. கூடவே ஆசிரியர் சந்தனராஜின் கடிதம். எங்கள் ஊரில் பஸ்ஸுக்கு நின்ற இருபது பேரில் மூன்று பேர்தான் சாட்சி சொல்ல முன்வந்தார்கள், அதிலும் இரண்டு பேர் கோர்ட்டில் பிறழ்ந்துவிட்டார்கள், நீங்கள் வருவது கஷ்டம் என்று தெரியும், கேட்காமல் இருக்க மனம் வரவில்லை என்று எழுதியிருந்தார். ஆனந்தவல்லி மருத்துவமனையில் மூன்று வாரம் லீவு சொன்னாள்.

கூண்டில் ஏறி நின்றாள். எதிர்த்தரப்பு வக்கீல் புன்னகையோடு எழுந்தார்.

"நீங்களும் புகார்தாரரும் ஒரே ஜாதி. அதனாலதான் இவ்வளவு தூரம் வந்து பொய் சொல்றீங்க?"

"ஒரே ஜாதிங்கறதாலதான் ஐயா, நல்லவர்னு எழுதிக் குடுக்கச் சொல்லி என் வீட்டுக்கு வந்தாங்க. அப்ப என் ஜாதி நல்ல ஜாதியா இருந்துச்சு. இப்பப் பொய் சொல்ற ஜாதியா?"

நீதிபதி தலை நிமிராமல், கேள்விக்கு மட்டும் பதில் சொல்லும்படி கூறினார். ஆனந்தவல்லி அதன்பிறகு கேள்விக்கு மட்டும் பதில் சொன்னாள். பொங்கலன்று கேட்டதை அப்படியே சொன்னாள். எந்தச் சொல் என்று கேட்டார்கள். சொன்னாள். விசாரணைக்காக வந்திருந்த இரண்டாம் எதிரி தனஞ்செயன் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அன்று மாலை ஆசிரியர் அவளைத் தன் வீட்டுக்கு அழைத்துப் போனார். வழக்கு நடக்கும்போதே கொஞ்சம் கொஞ்சமாகக் கட்டிய வீடு. இன்னும் பூச்சு வேலை முடியவில்லை. அவர் அதிகம் பேசுகிற மனிதர் இல்லை. பக்கத்து வீட்டு ஜன்னல்கள் எல்லாம் சாத்திக் கிடந்தன. வாசலில் நாற்காலி போட்டு உட்காரச் சொன்னார். "உள்ள ஃபேன் இருக்குங்க. ஆனா இங்க உக்காந்தாத்தான் எனக்கு வீடு கட்டின மாதிரி இருக்கு" என்றார்.

தீர்ப்பு தொண்ணூற்றொன்பது பிப்ரவரியில் வந்தது. அண்ணன் தம்பி இருவருக்கும் ஆறு மாதம். மேல்முறையீடு செய்து தண்டனையை நிறுத்தி வைத்தார்கள். மேல்முறையீட்டு மனுவின் நகல் ஒன்றை ஆசிரியர் அனுப்பியிருந்தார். மேல்முறையீட்டாளர்கள் கௌரவமான குடும்பத்தைச் சேர்ந்தவர்கள் என்று அது ஆரம்பித்தது. ஆனந்தவல்லி அதற்கு மேல் படிக்கவில்லை. ஞாயிற்றுக்கிழமை ஆசிரியருக்குப் பதில் எழுதினாள். மேல்முறையீடு விசாரணைக்கு வந்தால் தேதியை மட்டும் தெரிவியுங்கள், லீவு முன்கூட்டியே சொல்ல வேண்டும் என்று எழுதி, மாரிசாமியிடம் கொடுத்தாள். அவன் படித்துப் பார்த்து, அடியில் தானும் கையெழுத்துப் போட்டான்.